பெயரும் ஆளும்: பேராக் தோட்டத் தமிழில் சுட்டும் முறைகள்

சில ஆண்டுகளுக்கு முன்னர் ஈப்போவில் ஓர் அம்மையார் நம்மிடம் இரண்டு தாள்களைக் கொண்டுவந்து காட்டினார். ஒன்று அவருடைய பிறப்புப் பத்திரம். தோட்டத்து மக்கள் மலாய்ச் சொல்லால் அதனைச் ‘சூராட்’ என்பர். மற்றொன்று அடையாள அட்டை. தந்தையார் இட்ட பெயர் பழனியம்மாள். பிறப்புப் பத்திரத்தின் உரோமன் எழுத்துகளை அப்படியே படித்தால் ‘பலனியம்மா’ என்று வந்தது. அடையாள அட்டையிலோ ‘பள்ளானியம்மாள்’ என்று படிக்கத்தக்க எழுத்துக்கூட்டல் இருந்தது. தந்தையார் பெயரும் இரண்டிலும் ஒத்திருக்கவில்லை. ஓர் அலுவலகம் இவ்விருவரும் ஒருவர்தாம் என்பதற்குச் சான்று கேட்டிருந்தது. அம்மையார் சத்தியப் பிரமாண ஆணையரிடம் சென்று, இப்பெயர்கள் யாவும் தம் ஒருவரையே குறிக்கும் என உறுதிமொழி எழுதிக் கையொப்பமிட வேண்டியிருந்தது. “நான்தான் நான்னு எழுதிக் கொடுக்கணுமாம் சார்” என்று அவர் சிரித்தார். நமக்குச் சிரிப்பு வரவில்லை.

மொழியியலார் நூறாண்டுக்கும் மேலாக வாதிட்டு வரும் வினா ஒன்று அத்தாள்களில் அடங்கியிருந்தது. 1892-இல் செருமானிய அறிஞர் பிரேகெ, ‘காலை விண்மீன்’, ‘மாலை விண்மீன்’ என்னும் இரு தொடர்களை எடுத்துக்கொண்டார். இரண்டும் சுட்டுவது வெள்ளி என்னும் ஒரே கோளைத்தான். எனினும் ‘காலை விண்மீனே காலை விண்மீன்’ என்றால் கேட்பவருக்குப் புதிதாக ஒன்றும் கிடைப்பதில்லை. ‘காலை விண்மீனே மாலை விண்மீன்’ என்றால் ஒரு செய்தி கிடைக்கிறது. ஆகவே ஒரு பெயர் சுட்டும் பொருள் வேறு, அப்பொருளை அது நமக்குக் காட்டித் தரும் முறை வேறு என்பது அவர் கொள்கை. ‘பலனியம்மாவே பள்ளானியம்மாள்’ என்பதும் அத்தகைய ஒரு கூற்றே. வானில் உள்ள கோளுக்கு ஓய்வூதியம் தேவையில்லை, அம்மையாருக்குத் தேவையாயிற்று. வேறுபாடு அவ்வளவே.

தமிழ் இலக்கண மரபுக்கு இவ்வினா புதியதன்று. தொல்காப்பியர் பெயரியலின் தொடக்கத்திலேயே எல்லாச் சொல்லும் பொருள் குறித்து நிற்பன என்று நிறுவிவிட்டு, அடுத்தபடியாகச் சொல்லைக் கொண்டு அதன் பொருளையும் அறிகிறோம், சொல்லாகிய அதனையும் அறிகிறோம் என்று இரண்டாகப் பிரிக்கிறார். பொருண்மை, சொன்மை என்பன அவர் தரும் பெயர்கள். உறுதிமொழித் தாளில் ‘பலனியம்மா’ என்னும் வடிவம் சொன்மைக்காக நிற்கிறது. கையொப்பமிடும் கை பொருண்மையைச் சேர்ந்தது. இவ்வுரையில், பேராக்கின் தோட்டங்களில் வாழ்ந்த தமிழர் ஆட்களையும் இடங்களையும் எவ்வாறு சுட்டினர், அவர்கள் பிறரால் எவ்வாறு சுட்டப்பட்டனர் என்பதைக் காண்போம்.

முதலில் ‘கூலி’ என்னும் சொல். தமிழில் அது உழைப்புக்குத் தரும் ஊதியம். ஊதியத்தின் பெயர் அதனைப் பெறும் ஆளுக்கு ஆகிவந்தால் அது ஆகுபெயர். இலக்கணத்தில் இதற்குத் தடையில்லை. இச்சொல் ஆங்கிலேயர் வாய்ப்பட்டு உலகெங்கும் சுற்றியது. குசராத்துப் பகுதியின் கோலி என்னும் குலப்பெயரோடு இதனை இணைப்பாரும் உளர். இரண்டும் கலந்திருக்கவும் கூடும். எவ்வாறாயினும், பிற நாட்டார் பேச்சில் ‘கூலி’ என்பது ஆளை மட்டுமே குறிக்கலாயிற்று. ஊதியம் என்னும் பொருள் அங்கே இல்லை. அச்சொல் மலாயாவிற்கு மீண்டும் வந்தபோது தமிழரையே சுட்டியது. நம் சொல் நமக்கே அயற்சொல்லாகத் திரும்பி வந்த வரலாறு இது. மாணவர்க்கு ஆகுபெயர் கற்பிக்கும்போது ‘தாமரை போன்ற முகம்’, ‘ஊர் சிரித்தது’ என்பவற்றோடு நின்றுவிடுகிறோம். இதனையும் ஓர் எடுத்துக்காட்டாகச் சேர்க்கலாம். (முதலாவது உவமையே அன்றி ஆகுபெயர் ஆகாது என்பதை ஆசிரியர்கள் கவனித்திருப்பீர்கள். நம் வகுப்புகளில் இரண்டும் அடிக்கடி குழப்பப்படுவதாலேயே சொன்னோம்.)

ஒப்பந்தத்தின் பேரில் வந்தவர்களைச் ‘சஞ்சிக் கூலி’ என்றனர். சஞ்சி, மலாய் மொழியில் வாக்குறுதி எனப் பொருள்படும் ‘ஜஞ்சி’ என்பதன் திரிபு. கொடுத்த வாக்கு ஆளின் அடைமொழியாயிற்று. ஒப்பந்தமுறை ஆள்சேர்ப்பு 1910-இல் நிறுத்தப்பட்டது. கங்காணி முறை 1938-இல் இந்திய அரசு உதவிபெற்ற குடிபெயர்வைத் தடைசெய்யும் வரை நீடித்தது. ஆனால் ‘சஞ்சி’ என்னும் சொல் முதியோர் பேச்சில் அதற்குப் பின்னும் நெடுங்காலம் இருந்தது. ‘கங்காணி’, கண்காணி என்பதன் பேச்சுருவம். வினையால் வந்த பெயர். அவருக்குக் கீழிருந்தவர்களைத் தோட்டத்தார் ‘ஆள்’ என்றே எண்ணினர். ‘இன்று எத்தனை ஆள்’ என்பது காலைப் பெரட்டின் வினா. பெரட்டு, அணிவகுப்பைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லின் தமிழ் வடிவம். விடியுமுன் வரிசையில் நின்று பெயர் கொடுப்பதற்கு அணிவகுப்பு என்று பெயரிட்டவர் யாரோ தெரியவில்லை. அவர் நகைச்சுவை அறியாதவராகத்தான் இருந்திருப்பார்.

1954-இல் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் உருவான காலத்தை ஒட்டித் ‘தொழிலாளி’ என்னும் சொல் மேடைகளிலும் செய்தித்தாள்களிலும் நிலைபெற்றது. தொழிலை ஆள்பவர் தொழிலாளி. ஊதியத்தால் சுட்டப்பட்டவர் தொழிலால் சுட்டப்படலானார். சுட்டப்பட்ட மனிதர் அவரே. காட்டித் தரும் முறை மாறியது. பிரேகெயின் வேறுபாட்டை இதனைவிடத் தெளிவாக விளக்கும் எடுத்துக்காட்டு நமக்குக் கிடைக்கவில்லை.

இனித் ‘துரை’. தோட்ட நிருவாகி பெரிய துரை. அவருக்கு உதவியாளர் சின்ன துரை. ஓர் ஆங்கிலேயர் ஓய்வுபெற்றுக் கப்பலேறுவார், மற்றொருவர் வருவார். இருவருக்கும் இயற்பெயர்கள் உண்டு. ஆனால் லயத்து மக்கள் நாவில் இருவரும் பெரிய துரையே. இது இயற்பெயர் அன்று. ஒரு பதவியில் இருப்பவர் எவரோ அவரைச் சுட்டும் வண்ணனைத் தொடர். ஆங்கில மெய்யியலார் ரசல் 1905-இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரையில், ‘பிரான்சின் இன்றைய மன்னர்’ என்னும் தொடரை ஆராய்ந்தார். பிரான்சில் மன்னராட்சி இல்லாத காலத்தில் அத்தொடர் யாரையும் சுட்டவில்லை. ஆயினும் அதனைக் கொண்ட வாக்கியம் நமக்கு விளங்குகிறது. தோட்டத்திலும் பெரிய துரையின் வங்களா காலியாக இருந்த மாதங்களில் ‘பெரிய துரை வந்தா சொல்லணும்’ என்று மக்கள் பேசினர். யார் வருவார் எனத் தெரியாது. சொல் ஆயத்தமாக இருந்தது. விடுதலைக்குப் பின் மலாய்க்காரரும் சீனரும் தமிழரும் அப்பதவிக்கு வந்தபோது அவர்களும் துரையாயினர். தமிழரான ஒரு நிருவாகியை அவருடைய சொந்த ஒன்றுவிட்ட அக்காள் ‘துரை’ என்று அழைத்ததை நாம் கேட்டிருக்கிறோம். முறைப்பெயர் பதவிப்பெயருக்கு வழிவிட்ட அரிய இடம் அது; வழக்கமாகத் தமிழில் நேர்மாறாகவே நிகழும்.

துரைமாரும் தமிழ் கற்றனர், கற்றே தீரவேண்டியிருந்தது. ஈழத்தில் தோட்டத் துரைமாருக்கென வெளிவந்த ஒரு பழைய கைந்நூலின் பெயர் ‘இங்கே வா’ என்பது. நூற்பெயரே ஏவல் ஒருமை. முன்னிலையில் தமிழுக்கு ‘நீ’யும் உண்டு, ‘நீர்’, ‘நீங்கள்’ என்பனவும் உண்டு. ஒருவரைப் பன்மையால் சுட்டுவது உலக வழக்கில் உயர்சொல்லாக வருவது என்றும், அது இலக்கண நெறிப்படி அமைந்தது அன்று என்றும் தொல்காப்பியர் அன்றே பிரித்துக் கூறியுள்ளார். தோட்டத்தில் அவ்வுயர்சொல் ஒரு திசையில் மட்டுமே சென்றது. துரைக்கும் கிராணியாருக்கும் பன்மை. வெட்டுக்காட்டு ஆளுக்கு, அவர் அறுபது வயதினராயினும், ஒருமை. இதனைத் துரைமாரின் குற்றமாக மட்டும் கூறுவது வரலாற்றுக்கு நேர்மையாகாது. கங்காணியின் ஒருமை இன்னும் கடுமையானது என்பதை முதியோர் பலர் நம்மிடம் கூறியுள்ளனர்.

கிராணியார் என்பவர் எழுத்தர், மலாயில் ‘கெரானி’. பல தோட்டங்களில் அப்பணியில் யாழ்ப்பாணத்துத் தமிழரும் மலையாளிகளும் இருந்தனர். ஆட்களின் பெயர்கள் உரோமன் எழுத்தில் ஏறியது பெரும்பாலும் அவர்கள் கையால். இங்கே மொழியியல் சிக்கல் ஒன்று உண்டு. உரோமன் எழுத்து தமிழின் குறில் நெடிலைப் பிரிப்பதில்லை. ல, ள, ழ மூன்றுக்கும் ஒரே எழுத்து. ன, ண, ந மூன்றுக்கும் ஒரே எழுத்து. வல்லினத்தில் எங்கே ஒலிப்புடையது, எங்கே ஒலிப்பற்றது என்பதற்கு எழுதுபவரின் காதே அளவுகோல். யாழ்ப்பாணத்தவர் ஒருவர் கேட்டு எழுதுவதும் மலையாளி ஒருவர் கேட்டு எழுதுவதும் ஒன்றாக இரா. சேலத்திலிருந்தும் திருச்சியிலிருந்தும் வந்தவர்களின் பலுக்கலும் ஒன்றாக இரா. ஆகவே ஒரே ஆளுக்குச் செக்ரோலில் ஒரு வடிவம், மருத்துவமனையில் ஒரு வடிவம், பள்ளிச் சேர்க்கைப் பதிவேட்டில் ஒரு வடிவம் எனப் பெருகின. யாரும் தவறு செய்ததாகச் சொல்ல இயலாது. பலர் சரியாகச் செய்தனர், ஒவ்வொருவரும் வேறு வகையில்.

ஒரே பெயரினர் பலர் இருந்ததும் உண்டு. முனியாண்டிகளும் இராமசாமிகளும் இல்லாத தோட்டமில்லை. கிராணியார் அவர்களை முனியாண்டி ஒன்று, முனியாண்டி இரண்டு என எண்ணிட்டுப் பிரித்தார். லயத்தில் அவ்வெண்களை யாரும் சொல்வதில்லை. கோயில் வீட்டு முனியாண்டி, கட்டை முனியாண்டி, மாட்டுக்கார முனியாண்டி, நாமக்கல்லார் என்றே வழங்கினர். பெயரியலில் தொல்காப்பியர் உயர்திணைப் பெயர்களை வகுக்கும்போது நிலப்பெயர், குடிப்பெயர், குழுவின் பெயர், வினைப்பெயர், உடைப்பெயர், பண்புகொள் பெயர், முறைநிலைப் பெயர் என அடுக்கிச் செல்வார். நாம் களப்பணியில் திரட்டிய தோட்டத்துப் பட்டப்பெயர்களை அவ்வகைகளில் இட்டுப் பார்த்தபோது இடமின்றி எஞ்சியவை மிகச் சிலவே. நாமக்கல்லார் நிலப்பெயர், மாட்டுக்காரர் உடைப்பெயர், கட்டை பண்புகொள் பெயர். எழுத்தறியாதவர் என ஏளனம் செய்யப்பட்ட மக்கள், ஈராயிரம் ஆண்டுப் பழமையுடைய ஒரு வகைப்பாட்டைத் தம் நாவில் வைத்திருந்தனர். கிராணியாரின் எண்கள் செக்ரோலோடு போயின. பட்டப்பெயர்கள் பேரப்பிள்ளைகள் வரை வந்திருக்கின்றன.

1948-ஆம் ஆண்டு சூன் 16-ஆம் நாள் சுங்கை சிப்புட் வட்டாரத்தில் எல்பில் தோட்டத்திலும் அருகிலிருந்த மற்றொரு தோட்டத்திலும் மூன்று ஐரோப்பியத் தோட்டக்காரர்கள் சுட்டுக் கொல்லப்பட்டனர். அவசரகாலம் பிறந்தது. அதன் நடவடிக்கைகளுள் ஒன்றாகப் பன்னிரண்டு வயதுக்கு மேற்பட்ட அனைவருக்கும் அடையாள அட்டை வழங்கும் பதிவு தொடங்கியது. அன்று வரை லயத்துக்குள் விளங்கினால் போதும் என்றிருந்த பெயர், இப்போது நாட்டுக்கே விளங்கவேண்டியதாயிற்று.

அப்பதிவு நாளில் நிகழ்ந்த ஒன்றை எங்கள் பாட்டியார் கூறக் கேட்டிருக்கிறோம். மேசையில் இருந்தவர் “புருசன் பேரு?” என்றார். பாட்டியார் வாய் திறக்கவில்லை. கணவன் பெயரைச் சொல்லுதல் மரபன்று. வீட்டில் அவர் ‘அவங்க’, ‘இவங்கப்பா’, ‘ஏங்க’ என்று மட்டுமே சுட்டப்படுபவர். மேசைக்காரர் சினந்தார். பின்னால் நின்ற கொழுந்தியார், “நம்ம தண்ணிமலைச் சாமி பேருதாங்க” என்று எடுத்துக்கொடுத்தார். மேசைக்காரர் தமிழராதலால் தப்பினோம். அவர் முருகனின் பல பெயர்களுள் ஒன்றை எழுதினார். அது தாத்தாவின் பெயரன்று. தாத்தா வேலாயுதம், எழுதப்பட்டது சுப்பிரமணியம். சுட்டப்பட்ட தெய்வம் ஒன்றே, பெயர் வேறு. தாத்தா அப்பெயரைத் திருத்தச் செல்லவில்லை. “சாமி பேருதானே, இருக்கட்டும்” என்றாராம். அதன் விளைவாக நம் தந்தையாரின் தாள்களில் ஒரு பெயரும், தாத்தாவின் நடுகல்லில் மற்றொரு பெயரும் உள்ளன.

தந்தை பெயரை மகன் பெயரோடு இணைப்பதற்கு இந்நாட்டு ஆவணங்களில் மலாய்த் தொடர் ஒன்று பயன்படுகிறது. ஆணுக்கு ‘அனாக் லெலாக்கி’, பெண்ணுக்கு ‘அனாக் பெரம்புவான்’. இவற்றின் முதலெழுத்துகளைச் சாய்கோட்டால் பிரித்து எழுதுவர். உண்மையில் இதுவும் ஒரு வண்ணனைத் தொடரே. ‘இன்னாரின் மகனாகிய இன்னார்’ என விரியும். தமிழ் முறைப்பெயர் மரபுக்கு இது ஏற்றதாகவே உள்ளது. வெளிநாட்டுப் படிவங்கள் குடும்பப்பெயர் எது எனக் கேட்கும்போதுதான் இடர்ப்பாடு. நம் மாணவர் ஒருவருக்கு ‘அலெ’ என்பதே குடும்பப்பெயராகிவிட்டது. கடிதங்கள் ‘திரு. அலெ’ என்று வந்தன.

மூவிடப்பெயர் பற்றி ஒன்று மட்டும் சொல்லி மேற்செல்வோம். ‘நாம்’ கேட்பவரை உட்படுத்துவது, ‘நாங்கள்’ விலக்குவது. மலாய் மொழியிலும் ‘கீத்தா’, ‘காமி’ என்று இதே வேறுபாடு உண்டு, ஆங்கிலத்தில் இல்லை. தோட்டத்தில் அண்டை அயலாராக வாழ்ந்த தமிழருக்கும் மலாய்க்காரருக்கும் ஒருவர் மொழியில் மற்றவர் எளிதில் புழங்க முடிந்த இடங்களுள் இது ஒன்று. ஆள்வோர் மொழியில்தான் ‘நாம்’ என்றால் யார் யார் என்பது தெளிவில்லாமல் இருந்தது.

ஆட்பெயரிலிருந்து இடப்பெயருக்கு வருவோம். ஈப்போ ஒரு மரத்தின் பெயர். அதன் பால் நஞ்சு. பழங்குடியினர் ஊதுகுழல் அம்புகளின் நுனியில் தடவியது. தொடர்வண்டி நிலையத்தின் எதிரில் ஈப்போ மரம் ஒன்று இன்றும் நிற்கிறது. ஊரின் பெயரைச் சொல்லும் பல்லாயிரவருள் மரத்தை நினைப்பவர் அரியர்; நினைக்கவேண்டிய தேவையும் இல்லை. இயற்பெயர் ஒட்டிக்கொண்ட பின் அதன் காரணத்தை உதறிவிடும். காரணப்பெயர் இடுகுறிபோல் ஆவதை நம் இலக்கண நூலார் நன்கறிவர். அமெரிக்க மெய்யியலார் கிரிப்கி 1970-இல் ஆற்றிய சொற்பொழிவுகளில் இதனையே வேறு வகையில் விளக்கினார்: ஒரு பெயர் தன் பொருளைச் சுட்டுவது அதனைப் பற்றிய வண்ணனையால் அன்று, முதலில் பெயரிட்டவரிடமிருந்து ஒருவர் வாய் ஒருவராகக் கைமாறி வரும் சங்கிலியால் என்றார். 1982-இல் தெலுக் ஆன்சன் என்னும் ஊர் தெலுக் இந்தான் ஆயிற்று. நம் முதியோர் இன்றும் ஆன்சன் என்றே சொல்கின்றனர். ஆன்சன் யார் என அவர்களைக் கேட்டால் தெரியாது. ஊர் எது என்பதில் அவர்களுக்கு ஐயமே இல்லை.

கோலகங்சாரில் உள்ள பழைய ரப்பர் மரம் வேறொரு வகையில் பயன்படும் எடுத்துக்காட்டு. பள்ளிச் சுற்றுலாக்களில் அதனை ‘நாட்டின் முதல் ரப்பர் மரம்’ என்று காட்டுவர். 1877-இல் அங்கே நடப்பட்டவை ஒன்பது கன்றுகள். இது எஞ்சிய ஒன்று. எனவே ‘முதல் மரம்’ என்னும் வண்ணனை இதற்குக் கண்டிப்பாகப் பொருந்தாது. ஆனால் ஆசிரியர் விரல் நீட்டி அத்தொடரைச் சொன்னதும் எந்த மாணவரும் வேறு மரத்தைப் பார்ப்பதில்லை. பொருந்தாத வண்ணனையும் சுட்டுவதில் வெற்றிபெறக்கூடும் என 1966-இல் டோனலன் காட்டியது இதுவே. தோட்ட மக்கள் அம்மரத்தை ரப்பர் என்று சொல்லவில்லை, பால்மரம் என்றனர். அகிலனும் தம் மலாயா நாவலுக்குப் ‘பால்மரக் காட்டினிலே’ என்றே பெயரிட்டார். வணிகர் பயனால் பெயரிட்டதை மக்கள் கண்ணில் கண்டதால் பெயரிட்டனர்.

தோட்டங்களுக்கும் இரட்டைப் பெயர்கள் இருந்தன. கம்பெனி இட்ட ஆங்கிலப் பெயர் பலகையில் இருந்தது. மக்கள் அதனைத் தம் நாவுக்கேற்ப வளைத்தனர், அல்லது ஆற்றங்கரை, கோயில், பழைய கங்காணி ஒருவர் எனத் தமக்குத் தெரிந்ததைக் கொண்டு வேறு பெயர் வைத்தனர். இப்பெயர்கள் நில வரைபடங்களில் இல்லை. 1950-களில் பெருந்தோட்டங்கள் துண்டாடப்பட்டு விற்கப்படலாயின. அதனைத் தடுக்கவே சுங்கை சிப்புட்டில் பிறந்த துன் சம்பந்தன் 1960-இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கித் தொழிலாளரிடம் சிறுசிறு தொகையாகத் திரட்டித் தோட்டங்களை வாங்கினார். எனினும் பின்வந்த ஆண்டுகளில் செம்பனையும் வீடமைப்புப் பகுதிகளும் பால்மரக் காடுகளின் இடத்தைப் பிடித்தன. லயங்கள் இடிக்கப்பட்டன. மக்கள் புந்தோங்கிற்கும் சிலிபினுக்கும் தொலைவிலுள்ள நகரங்களுக்கும் சென்றனர்.

பெயர்கள் எங்கே சென்றன? ஒரு பகுதி தமிழ்ப்பள்ளிகளின் பெயர்ப்பலகைகளில் இருக்கிறது. தோட்டம் மறைந்தும், பள்ளியே நகர்ப்புறத்துக்கு இடம்பெயர்ந்தும், ‘இன்ன தோட்டத் தமிழ்ப்பள்ளி’ என்னும் பெயர் தொடரும் இடங்கள் பலவுண்டு. அப்பெயரை மாற்றவேண்டும் என்று சில பெற்றோர் கருதுகின்றனர். ‘தோட்டம்’ என்பது தாழ்வாக ஒலிக்கிறதாம். நாம் அக்கருத்தினர் அல்லேம். ரசலின் வழியில் பார்த்தால் இல்லாத தோட்டத்தைச் சொல்லும் தொடர் வெறுமையானது. கிரிப்கியின் வழியில் பார்த்தால் சங்கிலியின் எஞ்சிய கண்ணி அது ஒன்றுதான். அக்கண்ணியும் போய்விட்டால், ‘பிறந்த இடம்’ என்னும் கட்டத்தில் அத்தோட்டத்தின் பெயரைக் கொண்ட பிறப்புப் பத்திரங்கள் எந்த மண்ணைச் சுட்டுகின்றன எனச் சொல்ல ஆளிருக்காது. தொடக்கத்தில் சொன்ன அம்மையாரின் பத்திரத்திலும் பிறந்த இடமாக ஒரு தோட்டமே எழுதப்பட்டிருந்தது. இன்று அங்கே இருப்பது நெடுஞ்சாலையோரக் கிடங்கு வரிசை.

மற்றொரு பகுதி பள்ளிச் சேர்க்கைப் பதிவேடுகளில் உள்ளது. இவ்வவையில் இருக்கும் ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள்: பழைய பதிவேடுகள் கறையான் அரித்தவையாயினும், புதிய கட்டடத்துக்கு மாறும்போது அவற்றை எறிந்துவிடாதீர்கள். அண்மையில் நாம் பார்த்த ஒரு பதிவேட்டில், முகவரிக் கட்டத்தில் தலைமையாசிரியர் ஒருவர் தோட்டத்தின் ஆங்கிலப் பெயரை மையால் எழுதி, அதன் கீழே மக்கள் வழங்கிய பெயரைத் தமிழில் பென்சிலால் எழுதி வைத்திருந்தார். சில பக்கங்களில் மாணவரின் தந்தை பெயருக்கு அருகில் பட்டப்பெயரும் இருந்தது. இரு முனியாண்டிகளின் பிள்ளைகளை அவர் அவ்வாறுதான் பிரித்தறிந்திருக்கிறார். ஒரு பெயரின் எதிரே ‘மாட்டுக்காரர் மகன்’ என்றும், மற்றொன்றின் எதிரே ‘நாமக்கல்லார் மகள், தாயார் பெயர் கேட்டு எழுதுக’ என்றும் குறிப்பு இருந்தது. இரண்டாவது குறிப்பின் கீழே, வேறொரு நாளில், வேறு பென்சிலால், தாயார் பெயர் எழுதப்பட்டிருந்தது.